பட்டியல் யாருக்குத் தெளிவாக இருக்க வேண்டும்? தோட்டத்துச் செக்ரோலும் மேலாண்மைச் சிந்தனையும்

ஒரு வேலையிடம் ஒழுங்காக நடக்கிறதா என்பதை அங்குள்ள பட்டியல்களை வைத்தே சொல்லிவிடலாமா? யார் வந்தார், எதை முதலில் செய்வது, எவருக்கு எவ்வளவு கொடுப்பது என்பவை தெளிவாக எழுதப்பட்டிருந்தால் நிர்வாகத்தின் பாதி வேலை முடிந்தது என்று ஒரு சாரார் நெடுங்காலமாகச் சொல்லிவருகிறார்கள். பட்டியல் வேலையின் தோற்றத்தை மட்டுமே காட்டும், வேலையைக் காட்டாது என்று மறுப்பவர்களும் அதே அளவு பழையவர்கள். இரு தரப்பும் பெரும்பாலும் தொழிற்சாலை, அலுவலகம், மருத்துவமனை ஆகியவற்றிலிருந்தே எடுத்துக்காட்டுகளைத் தேடின. இலங்கை மலையகத்தின் தேயிலைத் தோட்டங்கள் இந்த விவாதத்தில் அரிதாகவே பேசப்படுகின்றன. தலவாக்கலைக்கும் நாகசேனைக்கும் இடையே லிந்துலையைச் சூழ்ந்திருக்கும் தோட்டங்களில், ஒரு நூற்றாண்டுக்கும் மேலாக, ஒருவருடைய நாள், கூலி, கடன், சில வேளைகளில் குடியுரிமைகூட, ஏதோ ஒரு பட்டியலில் பெயர் இருப்பதையும் இல்லாததையும் பொறுத்தே அமைந்திருந்தன. பட்டியலும் மேலாண்மையும் எப்படி ஒன்றையொன்று தாங்குகின்றன என்று கேட்பதற்கு இதைவிடப் பொருத்தமான களம் குறைவு.

இக்கேள்விக்குக் கிடைத்த விடைகளை வரிசையாகப் பார்க்கும்போது அவற்றுக்குப் பொதுவான ஓர் இடைவெளி தென்படுகிறது. பட்டியல் எழுதுபவருக்குத் தெளிவா, அதைக் கொண்டு ஆள்பவருக்குத் தெளிவா என்று கேட்கப்பட்ட அளவுக்கு, அதில் பெயர் எழுதப்பட்டவருக்குத் தெளிவா என்று கேட்கப்படவில்லை.

பிரட்டுக்களத்தின் விடை

காலையில் பிரட்டுக்களத்தில் ஆட்களை எண்ணி மலைகளுக்குப் பிரித்து அனுப்புவதும், மடுவத்தில் கொழுந்தை நிறுத்துக் குறித்துக்கொள்வதும், மாத முடிவில் அதையெல்லாம் செக்ரோல் என்னும் பதிவேட்டில் கூட்டிச் சம்பளம் போடுவதும் தோட்ட நிர்வாகத்தின் முதுகெலும்பு. ஒரு நாள் வேலைக்குத் தோட்டத்தில் வழங்கும் அலகே ‘பேர்’ என்பதுதான். நிறை எட்டாதவருக்கு ‘அரைப்பேர்’ விழும். பெயர் எழுதப்படுவதும் கூலி விழுவதும் ஒரே செயலாகிவிட்ட நிர்வாகம் அது.

இந்தப் பட்டியலுக்குச் சட்டமும் வலுச் சேர்த்தது. 1889ஆம் ஆண்டின் 13ஆம் இலக்கக் கட்டளைச் சட்டப்படி, தோட்டப் பதிவேட்டில் பெயர் இருந்து, அரிசியோ பணமோ முன்பணமாகப் பெற்றிருந்தால், வேறு விதமாகப் பேசிக்கொள்ளாத வரையில், அந்தத் தொழிலாளி ஒரு மாத ஒப்பந்தத்துக்கு உட்பட்டவராகவே கொள்ளப்பட்டார். ஒப்பந்தத்தை விட்டு ஓடினால் சிறைக்கும் போக நேரலாம் என்ற காலம் அது. தொழிலாளி எதிலும் கையெழுத்திடவில்லை. ஏட்டில் எழுதப்பட்ட பெயரே அவரைக் கட்டியது.

செக்ரோலுக்குப் பக்கத்தில் இன்னொரு கணக்கும் ஓடியது, அது ஆட்களைத் திரட்டி வேலைவாங்கிய கங்காணியுடையது. வேலைக்கு இறங்கிய தலைகளின் எண்ணிக்கைப்படி கங்காணிக்கு ‘பென்ஸ் காசு’ கிடைத்தது. ஆட்களுக்குக் கொடுத்த முன்பணத்தின் கணக்கும் அவரிடமே இருந்தது. தொழிலாளி வேறு தோட்டத்துக்குப் போக வேண்டுமானால் ‘துண்டு’ வேண்டும். இவ்வளவு கடன் தீர்ந்தால் இந்த ஆட்களை விடுவிக்கலாம் என்று எழுதிய காகிதம் அது. கடனைச் செலுத்தும் தோட்டம் ஆளைப் பெற்றது; கடன் ஆளின் பின்னாலேயே போனது. 1921இல் சட்டம் துண்டு முறையை ஒழித்தது. துண்டு ஒன்றும் குழப்பமான ஆவணமல்ல என்பதை இங்கே கவனிக்க வேண்டும். தோட்டத்தை நடத்திய துரைக்கும் கங்காணிக்கும் அது மிகத் தெளிவானது. தன் கடன் எப்படி ஏறியது என்று விவரமாகக் கேட்க வழியில்லாதவருக்கு மட்டுமே அது இருளாக இருந்தது.

தோட்டக்காரர்களின் இந்த விடை இலங்கைக்கு மட்டும் உரியதல்ல. கரீபியத் தீவுகளிலும் அமெரிக்கத் தென்பகுதியிலும் அடிமை உழைப்பில் ஓடிய பண்ணைகளின் கணக்கேடுகளை ஆராய்ந்த வரலாற்றாசிரியர் கேய்ட்லின் ரோசந்தால், 2018இல் வெளியான தம் நூலில், நவீன மேலாண்மைக்கு உரியவை என்று நாம் கருதும் கணக்கீட்டு முறைகள் பல அங்கே நன்கு வளர்ந்திருந்ததைக் காட்டினார். தாமஸ் அஃப்லெக் என்பவர் அச்சிட்டு விற்ற பண்ணைக் கணக்கேட்டில், ஒவ்வொருவரும் அன்றன்று பறித்த பஞ்சின் எடையைக் குறிக்கக் கட்டங்கள் தயாராக இருந்தன. மேலாண்மை வரலாறு தொழிற்சாலையிலிருந்தே தொடங்குகிறது என்ற வழக்கமான கதையை 2003இல் பில் குக்கும் இதே காரணத்தால் எதிர்த்திருந்தார். இலங்கைத் தோட்டத் தொழிலாளியின் நிலையை அடிமை முறையோடு சமப்படுத்துவது பிழை; சட்டமும் உறவுகளும் வேறானவை. ஆனால் உழைப்பை ஆள்வாரியாக, நாள்வாரியாக எழுதி ஆளும் நுட்பம் இரண்டு இடங்களிலும் ஏறத்தாழ ஒன்றுதான்.

இந்த விடையின் பலவீனம் 1948க்குப் பிறகு வேறொரு வடிவில் வெளிப்பட்டது. பிரஜாவுரிமைச் சட்டம் மலையகத் தமிழரில் மிகப் பெரும்பாலோரை நாடற்றவராக்கியது. 1949இன் இந்திய பாகிஸ்தானிய வதிவோர் சட்டத்தின் கீழ் விண்ணப்பிப்போர், 1946 ஜனவரி 1க்கு முன்னர் மணமானவராயின் 7 ஆண்டும் மற்றவராயின் 10 ஆண்டும் இடையறாது இலங்கையில் வாழ்ந்ததை நிறுவ வேண்டியிருந்தது. அதற்குத் தோட்டத்து ஏடுகள் சான்றாகத் தேடப்பட்டன. நாட்கூலி கொடுப்பதற்காக எழுதிய பதிவு, ஒரு குடும்பத்தின் வாழ்வைத் தீர்மானிக்கும் பதிவாக மாறியது. ஏறத்தாழ 8 லட்சம் பேருக்காக விண்ணப்பங்கள் போயின. அவர்களில் சுமார் 1 லட்சத்து 34 ஆயிரம் பேருக்கே குடியுரிமை கிடைத்தது. மறுப்புக்கு அரசியல் நோக்கமே முதன்மைக் காரணம். ஏடுகளின் குறையை மட்டும் பழி சொல்ல முடியாது. என்றாலும், தன்னைப் பற்றிய பதிவின் படி தன்னிடம் இல்லாதவர் எவ்வளவு எளிதில் வீழ்த்தப்படலாம் என்பதற்கு மலையகத்தில் இதைவிடப் பெரிய சான்று இல்லை.

கோட்பாட்டாளர்களின் பட்டியல்

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மேலாண்மை தன்னையே ஒரு துறையாக எழுதிக்கொண்டபோது, அதுவும் பட்டியல் வடிவத்தையே நாடியது. பிரெடரிக் டெய்லர் 1911இல் வேலையைச் சிறு அசைவுகளாகப் பிரித்து, நேரம் குறித்து, சிறந்த முறை எது என்று எழுதி வைக்கச் சொன்னார். பிரெஞ்சுச் சுரங்கப் பொறியாளர் ஹென்றி ஃபயோல் 1916இல் திட்டமிடல், ஒழுங்கமைத்தல், கட்டளையிடல், ஒருங்கிணைத்தல், கட்டுப்படுத்தல் என ஐந்து பணிகளையும், பதினான்கு கோட்பாடுகளையும் வகுத்தார். 1937இல் லூதர் குலிக் நிர்வாகியின் பணிகளை ஏழாக்கி, முதலெழுத்துகளைச் சேர்த்து மனப்பாடம் செய்யத்தக்க ஒரு சொல்லாகவே ஆக்கினார். இன்றும் இலங்கைப் பாடசாலைகளில் வணிகக் கல்வி கற்கும் மாணவர் மேலாண்மையின் அடிப்படைகளாகப் படிப்பவை ஏறத்தாழ இவைதான்.

ஃபயோலுக்கு நியாயம் செய்ய வேண்டும். தம் கோட்பாடுகளின் எண்ணிக்கைக்கு வரம்பில்லை, அவை வளைந்துகொடுக்க வேண்டியவை என்று அவரே எழுதினார். பாடநூல்கள்தாம் பதினான்கை இறுக்கமான எண்ணாக்கின. எண்ணிட்ட பட்டியலுக்கு அந்தச் சுபாவம் உண்டு: எழுதியவர் தயங்கிச் சொன்னதைக்கூட அது முடிந்த முடிபாகக் காட்டிவிடும்.

மறுப்பு

1946இல் ஹெர்பர்ட் சைமன் எழுப்பிய மறுப்பு இன்றும் முழுமையாகப் பதில் பெறவில்லை. நிர்வாகக் கோட்பாடுகள் பழமொழிகளைப் போல இணை இணையாக வருகின்றன. ஒன்றுக்கு எதிரான மற்றொன்றும் பட்டியலிலேயே இருக்கிறது. எந்த இடத்தில் எது பொருந்தும் என்று பட்டியல் சொல்வதில்லை என்பது அவர் வாதம். 1973இல் ஹென்றி மின்ட்ஸ்பெர்க், ஐந்து தலைமை நிர்வாகிகளின் அன்றாட வேலையைக் கூட இருந்து கவனித்து, அது திட்டமிடல் தொடங்கிக் கட்டுப்படுத்தல் வரை வரிசையாக நடப்பதில்லை, துண்டு துண்டாகவும் பேச்சாகவும் குறுக்கீடாகவுமே நடக்கிறது என்று காட்டினார்.

வடிவத்தைக் குறிவைத்த மறுப்புகள் பிறகு வந்தன. 1998இல் கோர்டன் ஷா முதலிய மூவர், புள்ளியிட்ட பட்டியல்களில் எழுதப்படும் வணிகத் திட்டங்கள் காரண காரியத் தொடர்பை மறைத்துவிடுகின்றன என்று வாதிட்டனர். அடுத்தடுத்து நிற்கும் இரண்டு வரிகளில் ஒன்று மற்றதற்குக் காரணமா, நிபந்தனையா, வெறும் அயலா என்று வாசகருக்குத் தெரிவதில்லை. 2003இல் கொலம்பியா விண்ணோடம் அழிந்த பிறகு, எச்சரிக்கை ஒன்று உள்ளடுக்குப் புள்ளிகளுக்குள் எப்படிப் புதைந்தது என்பதை எட்வர்ட் டஃப்டி எடுத்துக்காட்டினார்.

இந்த மறுப்புகள் வலுவானவை. ஆயினும் அவை எல்லாமே, எழுதுபவரும் படிப்பவரும் ஏறத்தாழ சம நிலையில் இருக்கும் அலுவலகத்தை மனதில் கொண்டவை. பட்டியலை விட்டு விளக்கமான உரைநடைக்குப் போனால் தெளிவு வந்துவிடும் என்ற நம்பிக்கை, நீண்ட சுற்றறிக்கையைப் படித்துப் பொருள் கொள்ள நேரமோ பழக்கமோ வாய்க்காத தொழிலாளிக்குப் பொருந்துமா என்பது ஐயமே.

உயிர் காக்கும் பட்டியல்

வேறொரு மரபு பட்டியலை நினைவுக்குத் துணையாகக் கண்டது. 1935இல் போயிங் நிறுவனத்தின் புதிய குண்டுவீச்சு விமானம் ஒன்று சோதனைப் பறப்பில் விழுந்தது. அதன் பிறகே விமானிகளின் சரிபார்ப்புப் பட்டியல் நிலைபெற்றது. உலக சுகாதார நிறுவனம் 2008இல் அறுவைச் சிகிச்சைக்கான பட்டியலை வெளியிட்டது. எட்டு நகரங்களின் மருத்துவமனைகளில் நடந்த ஆய்வில், அதைப் பயன்படுத்திய பின் இறப்பு வீதம் 1.5இலிருந்து 0.8 சதவீதமாகக் குறைந்ததாக 2009இல் அறிக்கை வந்தது. ஆனால் கனடாவின் ஒன்டாரியோ மாகாணத்தில் எல்லா மருத்துவமனைகளிலும் அதைக் கட்டாயமாக்கிய பின் செய்யப்பட்ட ஆய்வு, குறிப்பிடத்தக்க குறைவு எதையும் காணவில்லை என்று 2014இல் அறிவித்தது.

இரண்டு முடிவுகளுக்கும் இடையிலான வேறுபாட்டுக்குப் பல விளக்கங்கள் உண்டு. மேலதிகாரி கேட்டார் என்பதற்காகக் கோடிடப்படும் கட்டமும், சக தொழிலாளி நிறுத்திக் கேட்கும் உரிமையோடு வாசிக்கப்படும் கட்டமும் ஒன்றல்ல என்பது அவற்றுள் மிகவும் ஏற்கத்தக்கது. தேயிலைத் தோட்டத்துக்கும் இது பொருந்தும். தலவாக்கலை சென்ட் கூம்ஸ் தோட்டத்தில் இயங்கும் தேயிலை ஆராய்ச்சி நிறுவனம் (நிறுவப்பட்டது 1925இல்) தோட்டங்களுக்கு அறிவுரைச் சுற்றறிக்கைகளை அனுப்புகிறது. மருந்து தெளிப்பதற்கும் கொழுந்து பறிப்பதற்கும் இடையே எத்தனை நாள் விட வேண்டும், தெளிப்பவர் எதை அணிய வேண்டும் என்பவை உடல் நலத்தைத் தொடும் வரிகள். அவை தோட்டத்து அலுவலகம் வரை வந்து நின்றுவிட்டால், தோளில் தெளிகருவியைச் சுமப்பவருக்கு அந்தப் பட்டியல் இல்லாததற்குச் சமம்.

சுவரில் வெட்டிய பட்டியல்

தமிழ் மரபில் வேறொரு வகையும் இருக்கிறது. தஞ்சைப் பெரிய கோயிலில் முதலாம் ராசராசனின் 29ஆம் ஆட்சியாண்டுக் கல்வெட்டு, தளிச்சேரிப் பெண்டுகள் 400 பேரையும் பெயர், வந்த ஊர், குடியிருக்கும் சிறகு, வீட்டின் வரிசை எனப் பதிவு செய்து, ஒவ்வொருவருக்கும் பங்கு எவ்வளவு என்றும் சொல்கிறது. ஒருவர் இறந்தால் அவ்விடத்துக்கு யார் வருவது என்ற விதியும் அதிலேயே உண்டு. உத்தரமேரூரில் முதலாம் பராந்தகன் காலத்துக் கல்வெட்டுகள், குடவோலைக்குப் பெயர் எழுதத் தக்கவர் யார், தகாதவர் யார் என்று வரையறுக்கின்றன.

இவற்றைச் சனநாயகத்தின் முன்மாதிரியாகக் கொண்டாடுவதில் எச்சரிக்கை வேண்டும். உத்தரமேரூர்ச் சபை பிராமணர்களுடையது; தளிச்சேரிப் பெண்டுகள் தம் விருப்பத்தால் அங்கு வந்தார்களா என்பதைக் கல்வெட்டு சொல்லாது; கல்லில் இருந்ததை எத்தனை பேர் வாசித்திருப்பார்கள் என்பதும் கேள்வியே. ஆனால் உரிமையும் பங்கும் மாற்ற விதியும் ஒரே பட்டியலில், பலர் நடமாடும் இடத்தில், எளிதில் திருத்த முடியாதபடி நின்றன. பெட்டிக்குள் பூட்டிவைத்த ஏட்டுக்கு இந்தக் குணம் இல்லை.

நான்கு வரிச் சம்பளம்

பட்டியலின் வடிவமே வருமானத்தை மறைக்கக்கூடும் என்பதற்குத் தோட்டத் தொழிலாளருக்கான 2016ஆம் ஆண்டின் கூட்டு ஒப்பந்தம் நல்ல சான்று. நாட்சம்பளம் 730 ரூபா என்று நாடெங்கும் பேசப்பட்டது. அதன் உட்கூறுகள் இவை:

அடிப்படைச் சம்பளம்: 500 ரூபா
வரவுக் கொடுப்பனவு: 60 ரூபா
உற்பத்தித்திறன் கொடுப்பனவு: 140 ரூபா
விலைப் பங்கு: 30 ரூபா

கூட்டல் சரி. ஆனால் நான்கு வரிகளும் ஒரே இனத்தவை அல்ல. முதல் வரி வேலைக்கு வந்து பேர் விழுந்த எவருக்கும் உரியது. இரண்டாவது, வேலை வழங்கப்பட்ட நாட்களில் 75 சதவீதம் வந்தவருக்கு மட்டும். மூன்றாவது, தோட்டத்துக்குத் தோட்டம் மாறும் நிறையை எட்டியவருக்கு. மாதத்தில் சில நாள் காய்ச்சலில் கிடந்தவருக்கும், மழையிலோ வரட்சியிலோ கொழுந்து குறைந்து நிறை எட்டாதவருக்கும் 730 என்பது வெறும் எண்ணாகவே நின்றது. நிபந்தனை உள்ளதையும் இல்லாததையும் ஒரே நிரலில் வைத்துக் கூட்டிவிட்டால், கூட்டுத்தொகை ஒரு வாக்குறுதியைப் போலக் காட்சி தருகிறது. 2018இல் ஆயிரம் ரூபா கோரிக்கை எழுந்தபோது, ‘அடிப்படைச் சம்பளமாக’ என்று தொழிலாளர்கள் அழுத்திச் சொன்னதற்கு இந்த அனுபவமே காரணம். பட்டியலை வாசிக்கக் கற்றுக்கொண்டவர்களின் கோரிக்கை அது. 2019இல் வரவுக் கொடுப்பனவும் உற்பத்தித்திறன் கொடுப்பனவும் நீங்கி 700உம் 50உமாக 750 ஆனது. 2021இல் சம்பளச் சபை வழியாக 900உம் 100உமாக 1000 வந்தது. 2024இல் 1350 ஆனது.

இந்த ஒப்பந்தங்களைச் செய்தவர்கள் வேண்டுமென்றே மறைத்தார்கள் என்று இங்கே சொல்லத் தேவையில்லை. வரவையும் உற்பத்தியையும் உயர்த்த ஊக்கத்தொகை தேவை என்பது நிர்வாகத்தின் வெளிப்படையான வாதமாகவே இருந்தது. சிக்கல் வாதத்தில் மட்டுமல்ல, அதை எழுதிய முறையிலும் இருந்தது. ‘எல்லோருக்கும்’ என்று ஒரு கூட்டல், ‘நிபந்தனை நிறைவேறினால்’ என்று ஒரு கூட்டல், ஒவ்வொரு நிபந்தனையும் அதற்குரிய தொகையின் பக்கத்திலேயே. இப்படி எழுதியிருந்தால் பேச்சுவார்த்தையே வேறு விதமாகப் போயிருக்கக்கூடும்.

தமிழில் பட்டியல் எழுதுவது

தெளிவான பட்டியலுக்கான அறிவுரைகள் உலகெங்கும் ஏறத்தாழ ஒன்றுபோலவே இருக்கின்றன: ஒரே இனத்தவற்றை ஒன்றாக வை, ஒரே வாக்கிய வடிவில் எழுது, வரிசை முக்கியமானால் மட்டும் எண்ணிடு, அளவோடு நிறுத்து. இறுதி அறிவுரைக்கு ஜார்ஜ் மில்லர் 1956இல் சொன்ன ஏழு என்ற எண் அடிக்கடி காட்டப்படுகிறது. 2001இல் நெல்சன் கோவன் அதை நான்கின் பக்கம் இறக்கினார். இரண்டுமே உடனடி நினைவைப் பற்றியவை. கையில் வைத்து வாசிக்கும் தாளுக்கு அவற்றை அப்படியே விதியாக்க முடியாது. 2023இல் வந்த எளியநடைக்கான பன்னாட்டுத் தரம் எண்களை விட்டு வாசகரைப் பிடித்துக்கொள்கிறது: தேவையானதை அவரால் கண்டுபிடிக்க, புரிந்துகொள்ள, பயன்படுத்த முடிகிறதா என்பதே அதன் அளவுகோல்.

தமிழுக்கென்று சில சிக்கல்கள் உண்டு. நம் வாக்கியத்தில் வினை இறுதியில் வரும். ஆங்கிலச் சுற்றறிக்கையை மொழிபெயர்ப்பவர், தலைவரியை வினையில்லாமல் தொங்கவிட்டு, ஆறு வரிகளுக்குப் பிறகு ‘வேண்டும்’ என்று தனியாக நிறுத்துகிறார். அதைத் தவிர்க்கத் தலைவரியை முழு வாக்கியமாக முடித்துவிட்டு, ஒவ்வொரு வரியையும் தன் வினையோடு எழுதுவதே இயல்பு. அடுத்தது எண்ணும்மை. ‘வரவும் நிறையும் உள்ளவர்க்கு’ என்றால் இரண்டும் வேண்டும். ‘வரவோ நிறையோ’ என்றால் ஒன்று போதும். உரைநடையில் இவ்வளவு துல்லியமாக நிற்கும் இந்த வேறுபாடு, புள்ளியிட்ட பட்டியலாக மாறும்போது காணாமல் போகிறது. எல்லாம் வேண்டுமா, ஏதேனும் ஒன்று போதுமா என்பதைத் தலைவரியிலேயே சொல்லாத பட்டியல், சம்பளத் தகராறுக்கு இடம் கொடுக்கும் பட்டியல். நன்னூல் சொல்லும் பத்துக் குற்றங்களில் குன்றக் கூறல் முதலில் நிற்பதை இங்கே நினைக்கலாம்.

இந்த நுணுக்கங்கள் மலையகத்துக்குப் புதியவை அல்ல. தோட்டத் தொழிலாளர்களை 1930களில் சங்கமாகத் திரட்டிய கோ. நடேசய்யர், அதற்கு முன் தஞ்சையில் ‘வர்த்தக மித்திரன்’ என்ற வணிக இதழை நடத்தியவர். கணக்கு வாசிக்கத் தெரிந்த ஒருவர் தோட்டத்துக்குள் நுழைந்தது துரைமாரை ஏன் அவ்வளவு கலங்கடித்தது என்பது வியப்புக்குரியதல்ல.

முடிவாகாதவை

இதுவரை பார்த்தவற்றைக் கொண்டு சில தீர்ப்புகளை எச்சரிக்கையோடு சொல்லலாம். தெளிவான பட்டியல் நல்ல மேலாண்மைக்குத் தேவை, போதுமானதல்ல. சைமனின் மறுப்பு கோட்பாட்டுப் பட்டியல்களுக்கு எதிராக நிற்கிறது. வேலைப் பட்டியலையும் சம்பளப் பட்டியலையும் அது தொடவில்லை. சரிபார்ப்புப் பட்டியலின் பயன், அதை நிறுத்திக் கேள்வி கேட்கும் உரிமை யாருக்கு இருக்கிறது என்பதைப் பொறுத்து மாறுவதாகவே தெரிகிறது. வடிவம் திருந்தினால் அதிகாரம் திருந்தும் என்று நம்ப இடமில்லை. துண்டை ஒழித்தது சட்டம். நல்ல அச்சுப்படிவம் ஒன்று அதை ஒழித்திருக்காது.

தீராத கேள்விகளில் இரண்டு அவசரமானவை. சில கம்பனிகள் கொழுந்து நிறுக்க இலத்திரன் தராசுகளைக் கொண்டுவந்துள்ளன. எடை நேரே கணினிக்குப் போகிறது. கணக்கப்பிள்ளையின் பென்சிலில் நேரக்கூடிய பிழை இதனால் குறையலாம். ஆனால் கூடைக்கும் ஈரத்துக்கும் எவ்வளவு கழிக்கப்பட்டது என்பது தனி வரியாகத் தெரியுமா, நிறுத்த இடத்திலேயே கொழுந்து பறித்தவருக்கு ஒரு சீட்டு கிடைக்குமா, பிழை கண்டால் எந்த நாளுக்குள் யாரிடம் திருத்தக் கேட்பது என்பவற்றைத் தராசு தீர்மானிக்காது.

மற்றது வருமானப் பகிர்வு முறை. நாட்கூலிக்குப் பதிலாக ஒரு பகுதித் தேயிலையை ஒரு குடும்பத்திடம் பராமரிக்கக் கொடுத்து, கொழுந்தின் அளவுக்கு ஏற்பப் பணம் கொடுக்கும் இந்த ஏற்பாட்டைக் கம்பனிகள் விரும்புகின்றன. தொழிற்சங்கங்கள் பலவற்றுக்கு அதில் ஐயம். அதில் செக்ரோலின் இடத்தை வேறொரு ஏடு பிடிக்கும்: கொடுத்த கொழுந்து ஒரு பக்கம்; உரம், மருந்து, முன்பணம் ஆகியவற்றின் கழிவு மறு பக்கம். கழிவுகளின் விலையை யார் நிர்ணயிப்பது, அந்த ஏடு எந்த மொழியில் இருக்கும், அதன் ஒரு படி லயத்து வீட்டில் இருக்குமா என்பவை, இந்த முறை பரவுவதற்கு முன்பே ஒப்பந்தத்தில் எழுதப்பட வேண்டியவை.